வயது வந்தோருக்கான கப்பல் கதை

பட்டம் வாங்கிய கையோடு ஒரு தன்னம்பிக்கை வருமே, அதற்குத் தனியாகத் தடுப்பூசி கண்டுபிடிக்க வேண்டும். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எனக்கு அது நன்றாக முற்றிப்போயிருந்தது.

ஆவடியில் எங்கள் மாதா கோயில் கூடத்தில் மாலை வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தேன். வாசல் பலகையில் 'வயது வந்தோர் கல்வி' என்று எழுதியிருக்கும். (சம்பளம் கிடையாது, டீ உண்டு.) நன்றாக நடத்தினால் கோயில் பள்ளிக்கூடத்தில் டீச்சர் வேலை தருவதாக ஃபாதர் சொல்லியிருந்தார். அந்த வேலைக்காகத்தான் தவம் கிடந்தேன். ஆனால் 'அம்மா, ஆடு' பாடத்தைத் திறந்தாலே மீன் விற்கும் கன்னியம்மாக்கா கொட்டாவி விடுவார்.

பூந்தமல்லி பஸ் ஸ்டாண்ட் அருகே பழைய புத்தகக் கடையில் எனக்கு வழி பிறந்தது. பேர் பெற்ற ஆங்கிலக் கடற்பயண நாவல் ஒன்று, தமிழில், படக்கதையாக. அட்டையில் கப்பல், தீவு, தாடிக்காரன். கீழே, 'வயது வந்தோருக்கான சித்திரக்கதை'. அடடா, நம் வகுப்புக்கென்றே போட்டிருக்கிறார்களே என்று பூரித்துப்போனேன்.

"ஆறு குடுங்க. கோயில் வகுப்புக்கு வேணும்."

கடைக்காரர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "கோயிலுக்காம்மா?" என்றவர், செய்தித்தாளில் இறுக்கிச் சுற்றிக் கொடுத்தார். புத்தகத்துக்கு என்ன மரியாதை என்று மெச்சிக்கொண்டேன்.

(உள்ளே பார்த்தாயா என்று கேட்காதீர்கள். முதல் சில பக்கங்கள் பார்த்தேன். வெறும் புயல்.)

வகுப்பு களைகட்டியது. கொட்டாவி விட்டவர்களெல்லாம் போட்டி போட்டு எழுத்துக் கூட்டினார்கள். ஃபாதர் மேற்பார்வைக்கு வந்ததும், பெருமை தாங்காமல் கன்னியம்மாக்காவை உரக்கப் படிக்கச் சொன்னேன்.

"தீ...வின்... ரா...ணி... தன்... மே...லா...டையை..." நிறுத்திப் படத்தைப் பார்த்தார். "இன்னா டீச்சரம்மா, இந்தப் பொண்ணு குளிச்சிகினு கீதா?"

ஃபாதர் ஆறு புத்தகங்களையும் வாங்கி அங்கிக்குள் வைத்துக்கொண்டு போனார். டீச்சர் வேலையும் அதோடு போயிற்று. வீட்டில் விழுந்து விழுந்து அழுதேன்.

சில வருடங்கள் கழித்து என் கல்யாணத்தை நடத்திவைத்ததும் அதே ஃபாதர்தான். விருந்தில் கன்னியம்மாக்கா மேடையேறி, என் மாமியாரை வைத்துக்கொண்டே கேட்டார்.

"அன்னிக்குப் பாதிலயே பொஸ்தகத்தப் புடுங்கிகினாங்களே டீச்சரம்மா, அந்தக் கப்பல்காரன் ஊடு போய் சேந்தானா, இல்லியா?"

எனக்குப் பட்டுப்புடவைக்குள் வியர்த்தது. பக்கத்தில் நின்ற ஃபாதர் சட்டென்று சொன்னார்: "பத்திரமா போயிட்டாம்மா. ராணியையும் கூட்டிக்கிட்டுத்தான்."

சொன்ன பிறகுதான் வாயைப் பொத்திக்கொண்டார்.

இன்றைக்கும் என் கணவர் வேலை முடிந்து தாமதமாக வந்தால், கதவைத் திறக்கிற என் மாமியார் அவருக்குப் பின்னால் எட்டிப் பார்த்துக் கேட்பார்:

"தனியாத்தான் வந்தியா? ராணி வரலியா?"