மூணுசுழி எழுதினால் அதுதான் தமிழ்

அம்பத்தூர் எஸ்டேட்டில் நான் வேலை பார்த்த கம்பெனியில் நூற்றைம்பது பேர் பேசிக்கொண்டிருந்த தமிழை, ஒரு வெள்ளைப் பலகையையும் ஒரு நீல மார்க்கரையும் வைத்துக்கொண்டு ஒரே ஆள் மாற்றி எழுதினார். எந்தப் புலவரும் செய்யாத காரியம். அவர் பள்ளிக்கூடத்துக்குப் போனது மூன்றாம் வகுப்பு வரை. அதிலும் பாதி நாள் லீவு.

அவருக்கு அப்பா அம்மா வைத்த பேர் ஒன்று இருந்தது. சம்பளச் சீட்டைத் தவிர வேறெங்கும் அது புழங்கவில்லை. இரண்டு சுழி 'ன' வர வேண்டிய இடத்திலெல்லாம் கூச்சமில்லாமல் மூன்று சுழி 'ண' போடுவார். 'அண்புடண்' என்று எழுதுவார். அதனால் மூணுசுழி.

இருசக்கர வண்டிகளுக்குத் தகடு அடித்துத் தரும் கம்பெனி அது. நான் தர ஆய்வாளர். வெர்னியரைக் கையில் வைத்துக்கொண்டு நாள் முழுக்கத் தகட்டை அளப்பது என் வேலை. மூணுசுழி டைம் ஆபீஸில் இருந்தார். ஆள் வந்தது, போனது, லீவு போட்டது எல்லாம் அவர் கணக்கு. கூடவே அறிவிப்புப் பலகையும். கம்ப்யூட்டரில் தமிழ் அடித்தால் எங்கள் பிரிண்டரில் கட்டம் கட்டமாக வரும். அதனால் தமிழில் எது வேண்டுமானாலும் மூணுசுழிதான் கையால் எழுத வேண்டும்.

சாப்பாட்டுக் கூடத்தில் 'உணவு இடைவேலை: 12.30 - 1.00' என்று எழுதி வைத்தார். முதல் நாள் எல்லோரும் சிரித்தோம். இரண்டாம் நாள் லாரி வந்து நிற்கிறது என்று சாப்பிட்டுக்கொண்டிருந்த பாதிப் பேரைக் கிளப்பிக்கொண்டு போனார்கள். மூன்றாம் நாளிலிருந்து அந்தச் சொல்லுக்கு அர்த்தம் வந்துவிட்டது. "இன்னா மச்சான், துன்னியா?" என்று கேட்டால், "எங்கடா, இன்னிக்கி இடைவேலை" என்பார்கள். சோற்றைப் பாதியில் மூடிவிட்டுப் போய்ச் செய்யும் வேலைக்கு அதுவரை தமிழில் வார்த்தை கிடையாது. ஒரு மாதத்தில் பக்கத்துக் கம்பெனிக்காரர்களும் டீக்கடையில் அதையே சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

கழிப்பறைக் கதவில் 'களிப்பறை' என்று எழுதினார். கேமரா இல்லாத ஒரே இடம் அதுதான். போனைப் பார்க்கலாம், ஊருக்குப் பேசலாம், ஐந்து நிமிஷம் அழலாம். "களிப்புக்குப் போய்ட்டு வந்துர்றேன்" என்றால் சூப்பர்வைசருக்கே புரியும்.

எல்லாவற்றுக்கும் சிகரம், மேனேஜர் அறைக் கதவு. 'பொது மேளாளர்.' மேனேஜர் காலை எட்டே முக்காலுக்கு எங்களைக் கூப்பிட்டு நிறுத்தி மேஜையில் தட்டித் தட்டிப் பேசுவார். அவருக்குத் தமிழ் நன்றாகப் பேச வரும். படித்தது முழுக்க வடக்கே என்பதால், வாசிக்க மட்டும் எழுத்துக் கூட்டித்தான் ஆக வேண்டும். மூன்று மாதம் அந்தக் கதவைத் திறந்து மூடியும் அவருக்கு ஒன்றும் தோன்றவில்லை. உள்ளே சத்தம் கேட்டால், "மேளம் ஆரம்பிச்சிருச்சி" என்று எல்லோரும் நகர்ந்துவிடுவோம்.

ஒரு தடவை திருத்திப் பார்த்தேன்.

"அண்ணாத்தே, இடைவேளைக்கு குண்டு ளா போடணும்."

"குண்டு ளா போட்டா மட்டும் சோறு துன்ன வுட்ருவானுங்களா? நடக்கறத எழுதனா தப்பா நைனா?"

அன்றோடு திருத்துவதை விட்டுவிட்டேன்.

அவருடைய வலது கையில் ஆள்காட்டி விரலும் நடுவிரலும் பாதிக்கு மேல் கிடையாது. மார்க்கரைக் கட்டைவிரலுக்கும் மோதிர விரலுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டுதான் எழுதுவார். "ரெண்டு வெரல் கொறஞ்சதுக்கு ஈடா ஒரு சுழி ஜாஸ்தி போட்டுக்கறேன், உனுக்கு இன்னா?" என்பார். சிரிப்போம். விரல் எப்படிப் போனது என்று யாரும் கேட்டதில்லை. தகட்டை அழுத்தி அடிக்கும் பிரஸ் எந்திரங்கள் ஓடுகிற இடத்தில் அதைக் கேட்பது வழக்கமில்லை.

செல்வம் என்று ஒரு பையன் வேலைக்குச் சேர்ந்தான். திண்டிவனம் பக்கம். அயனம்பாக்கத்தில் ஆறு பேரோடு ஓர் அறையில் தங்கியிருந்தான். முதல் நாள் வருகைப் பதிவு எந்திரத்தில் அவனுடைய வலது கை விரல்களை ஒவ்வொன்றாக அழுத்தி ரேகை எடுத்ததும் மூணுசுழிதான்.

அவனுக்குக் கொடுத்தது மூன்றாம் நம்பர் பிரஸ். அந்த பிரஸ்ஸுக்கு முன்னால் கம்பிவலைக் கதவு ஒன்று உண்டு. கதவு மூடினால்தான் எந்திரம் அடிக்கும். அதனால் கை உள்ளே இருக்கும்போது அடிக்காது. ஆனால் ஒவ்வொரு தகட்டுக்கும் திறந்து மூட நேரம் பிடிக்கும். செல்வம் வருவதற்குச் சில வாரம் முன்பே, அவசர ஆர்டர் என்று மேனேஜர் சொல்லி, மெயின்டனன்ஸ் ஆட்கள் இரண்டு பேர் வந்து அந்தக் கதவைக் கழற்றிவிட்டார்கள். நான் நாலடி தள்ளித் தகட்டை அளந்துகொண்டிருந்தேன். பார்த்தேன். அளவை எழுதிக்கொண்டு போய்விட்டேன்.

செல்வம் சேர்ந்த ஒன்பதாம் நாள் காலை பதினோரு மணி இருக்கும். பிரஸ் ஒரு தடவை அடித்தது. சத்தம் வழக்கம்போலத்தான் இருந்தது. அதற்கு அடுத்து வர வேண்டிய சத்தம் வரவில்லை. திரும்பிப் பார்த்தால், செல்வம் கத்தாமல், ஏதோ கணக்குப் போடுகிறவன் மாதிரி தன் கையையே பார்த்துக்கொண்டு நிற்கிறான்.

டைம் ஆபீஸிலிருந்து ஓடி வந்தது மூணுசுழிதான். தோளில் கிடந்த துண்டை எடுத்துக் கையைச் சுற்றினார். "பாக்காத. என் மூஞ்சியப் பாரு. என் மூஞ்சியப் பாருடா" என்று சொல்லிக்கொண்டே வேனில் ஏற்றி, தலையை மடியில் வைத்துக்கொண்டு போனார். வலது கையின் நான்கு விரல்களையும் காப்பாற்ற முடியவில்லை. மறுநாள் காலை எந்திரம் செல்வத்தின் பேருக்கு நேரே 'ஆப்சென்ட்' என்று போட்டது.

விபத்து நடந்த அன்று சாயங்காலமே மேனேஜர் விபத்துப் பதிவேட்டை எழுதச் சொன்னார். தமிழில் இருந்தால்தான் செல்வத்திடம் கைநாட்டு வாங்க முடியும். தர ஆய்வு அறிக்கையோடு நானும் அந்த அறையில் நின்றுகொண்டிருந்தேன். மேனேஜர் சொல்லச் சொல்ல, துண்டு இல்லாத தோளோடு மூணுசுழி எழுதினார்.

"செல்வம் மூன்றாம் பிரஸ்ஸில் வேலை செய்தார். பாதுகாப்புக் கதவைக் கழற்றினார். அதனால் கை மாட்டிக்கொண்டது. எழுதிட்டியா? படி."

மூணுசுழி வாசித்துக் காட்டினார். சொன்னபடியே இருந்தது. மேனேஜர் தாளை ஒரு பார்வை பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். ஆஸ்பத்திரியில் செல்வத்தின் இடது கட்டைவிரலில் மை தடவி அழுத்தி எடுத்து வந்தார்கள்.

இரண்டு வாரம் கழித்து அரசாங்கத்திலிருந்து ஒரு பெண் அதிகாரி ஆய்வுக்கு வந்தார். பதிவேட்டை டைம் ஆபீஸிலேயே உட்கார்ந்து படித்தார். மேனேஜர் பக்கத்தில் நின்றார். அந்த லைனைப் பார்க்கிறவன் என்பதால் என்னையும் கூப்பிட்டிருந்தார்கள்.

"கதவைக் கழற்றினர்னு இருக்கே. எத்தனை பேர் கழற்றினாங்க?" என்று கேட்டார் அந்த அம்மா.

மேனேஜர் குனிந்து எழுத்துக் கூட்டினார். க, ழ, ற்... அவர் முகம் மாறியது. 'கழற்றினார்' என்று இருக்க வேண்டிய இடத்தில் துணைக்காலைக் காணோம். ஒருத்தர் செய்த காரியம் பல பேர் செய்த காரியமாகியிருந்தது.

"எழுத்துப்பிழை மேடம். ஒரு கால் விட்டுட்டான். இவன் எழுதறதெல்லாமே இப்படித்தான். அந்தப் போர்டைப் பாருங்க, வாங்க."

அந்த அம்மா எழுந்து போய்ப் பார்த்தார். இடைவேலை. களிப்பறை. வழியில் மேளாளரும் கண்ணில் பட்டார். சிரிப்பை அடக்க முடியாமல் வாயைக் கையால் மூடிக்கொண்டார். திரும்பி வந்து பதிவேட்டை மூடப் போனார். எனக்கு உயிர் வந்தது. வெட்கமாகத்தான் இருக்கிறது, ஆனால் உண்மை அதுதான். எங்கே என்னைக் கேட்பார்களோ என்று பயந்துகொண்டிருந்தேன்.

மூடுவதற்கு முன்னால், பேச்சுக்குக் கேட்கிற மாதிரி மூணுசுழியைக் கேட்டார். "என்னங்க, எழுத்துப்பிழைதானே?"

ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். இருபது வருஷத்துக்கு மேல் பார்த்த வேலை. இன்னும் ஆறு வருஷம் பாக்கி.

"போர்டுல கீறதெல்லாம் பிழைதான் மேடம்" என்றார் மூணுசுழி. "இது பிழை இல்ல."

"யோவ், என்னய்யா பேசற? ஒரு காலை விட்டுட்டு..." என்று மேனேஜர் கத்தினார்.

"அந்தப் புள்ளைக்கு கையே பூடுச்சி, அதுக்கு உங்க கிட்டேர்ந்து சத்தம் வர்ல. எழுத்துல ஒரு கால் பூட்டதுக்கு இந்தக் கத்து கத்தறீங்களே சார்."

அந்த அம்மா உட்கார்ந்தார். என் பக்கம் திரும்பினார்.

"நீங்க அந்த லைன்லதானே இருக்கீங்க? கதவை யார் கழற்றினதுன்னு பார்த்தீங்களா?"

"நான் அப்போ கேன்டீன்ல இருந்தேன் மேடம்" என்றேன்.

மூணுசுழி என்னைப் பார்க்கவே இல்லை. "வாங்க மேடம்" என்று அந்த அம்மாவை ஸ்கிராப் குவியலுக்குப் பின்னால் கூட்டிக்கொண்டு போனார். கம்பிவலைக் கதவு சுவரில் சாய்ந்து கிடந்தது. மேலே தூசியும் எண்ணெயும் சேர்ந்து தோல் மாதிரி படிந்திருந்தது. நான்கு போல்ட்டும் ஒரு பிளாஸ்டிக் டீ கப்பில். கப்புக்குள் சிலந்தி கூடு கட்டியிருந்தது. பிறகு டைம் ஆபீஸ் நோட்டைக் கொண்டுவந்து செல்வம் சேர்ந்த தேதியைக் காட்டினார்.

"அந்தப் புள்ள சேந்தே மூணு வாரம்தான் ஆவுது. இவ்ளோ தூசி மூணு வாரத்துல வருமா, நீங்களே சொல்லுங்க."

அந்த அம்மா தன் விரலால் தூசியைத் தொட்டுப் பார்த்தார். அப்புறம் மெயின்டனன்ஸ் ஆட்களைக் கூப்பிட்டார். அவர்கள் அரைமணி நேரம் மட்டுமே தாக்குப்பிடித்தார்கள்.

நல்லது ஜெயித்தது என்று முடித்தால் படிக்க நன்றாக இருக்கும். நடந்தது வேறு. செல்வத்துக்குச் சேர வேண்டியது, பல தடவை அலைந்த பிறகு சேர்ந்தது. ஸ்டோரில் நிரந்தர வேலையும் கிடைத்தது. விரல் கிடைக்கவில்லை. மேனேஜரை வேறு யூனிட்டுக்கு மாற்றினார்கள். அங்கே அவருக்கு இதைவிடப் பெரிய அறை என்று கேள்வி. மூணுசுழியை இரண்டு மாதத்தில் வேலையை விட்டு எடுத்தார்கள். காரணம்: பதிவேடுகளில் தொடர்ந்து எழுத்துப்பிழைகள்.

அந்த அறிவிப்பைப் பலகையில் தமிழில் எழுத வேறு ஆள் இல்லை. அவரையே எழுதச் சொன்னார்கள். எழுதினார். பேரும் காரணமும் போட்டு, மேலே பெரிதாக 'பனி நீக்கம்' என்று தலைப்பு. மூன்று சுழி கட்டாயம் வேண்டிய இடத்தில் அவர் இரண்டு சுழி போட்டது அதுதான் முதல் தடவை. மார்க்கருக்கு மூடி போட்டு வைத்துவிட்டு, டிபன் பாக்ஸை எடுத்துக்கொண்டு போய்விட்டார். யாரும் அன்று சிரிக்கவில்லை. அதற்கப்புறம் எங்கள் கம்பெனியில் யாரையாவது வேலையை விட்டு எடுத்தால், "அவனுக்கு பனி நீங்கிருச்சி" என்று சொல்வது வழக்கமாயிற்று. உண்மை பேசினதுக்காகப் போனவர்களுக்கு மட்டும்தான் அந்தச் சொல். கம்மியாக வேலை செய்து போனவர்களுக்குக் கிடையாது.

நான் அவரைப் போய்ப் பார்க்கவில்லை. காரணங்கள் நிறைய வைத்திருந்தேன். கிறிஸ்துமஸ் அன்றைக்குக் காரணம் எதுவும் மிச்சமில்லாமல், ஆவடியில் அவர் வீட்டுக்குப் போய் நின்றேன். வாசலில் காகித நட்சத்திரம் தொங்கியது. உள்ளே கர்த்தர் படத்துக்குக் கீழே லுங்கியோடு உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

"வா நைனா. குந்து. கத்தி புடிக்கத் தெரியுமா?"

வெங்காயம் உரிப்பது வசதியாக இருந்தது. கண் கலங்கினாலும் விளக்கம் சொல்ல வேண்டியதில்லை. நாலு வெங்காயம் உரித்த பிறகு கேட்டேன்.

"அந்தக் கால் விட்டது தெரிஞ்சேதானா அண்ணாத்தே?"

"அந்த ஒரு வார்த்தைய மட்டும் தனியா ஒரு பேப்பர்ல மூணு தபா எழுதிப் பாத்துட்டுதான் எழுதனேன். படிக்கிறப்போ காலோட படிச்சேன்." உரித்த வெங்காயத்தைத் தட்டில் போட்டார். "எனுக்கு வெரல் பூட்டப்போ இதே மாதிரி ஒரு நோட்டுல எழுதி ரேகை வாங்கிக்கினானுங்க. மூணாவது வரிக்கும் போயும் எனுக்கு அப்போ படிக்கத் தெரியாது. இன்னா எழுதிகீதுன்னு யாரும் சொல்லல. அத்தப் படிக்கணும்னே எழுத்து கத்துக்கினேன். பஸ் போர்டு, சினிமா போஸ்டர், சாவு நோட்டீஸு... இப்டிதான். ரெண்டு வருசம் ஆச்சு. டைம் ஆபீஸ்ல அந்த நோட்ட எடுத்துப் படிச்சேன்."

"என்ன இருந்துச்சு?"

"குடிச்சிட்டு வேலைக்கு வந்தான்னு." சிரித்தார். "நான் டீயே குடிக்கமாட்டேன்."

அடுப்படியிலிருந்து அவர் மனைவி, "வெங்காயம் ஆச்சா இல்லியா?" என்று குரல் கொடுத்தார். தட்டை எடுத்து நீட்டினேன். அந்த இடைவெளியில்தான் எனக்குச் சொல்ல முடிந்தது.

"நான் அன்னிக்குப் பொய் சொன்னேன் அண்ணாத்தே. கேன்டீன்ல இல்ல."

"தெரியும் நைனா. அந்தம்மா எந்த நாளுன்னே கேக்கல. அதுக்குள்ள கேன்டீன்ல இருந்தேன்ட்ட." கத்தியைத் துடைத்து வைத்தார். "உனுக்கு அப்போ கல்யாணம் பேசிக்கினு இருந்தாங்க. இருபத்தாறு வயசுல எனுக்கும் பயம்தான். வுடு. கை கழுவிக்கினு வா, துன்னலாம்."

அவ்வளவுதான் சொன்னார். மன்னித்தேன் என்றும் சொல்லவில்லை, மன்னிக்கவில்லை என்றும் சொல்லவில்லை. என் தட்டில் நல்ல கறித்துண்டாகப் பார்த்து எடுத்து வைத்தார்.

அதிலிருந்து ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் ஆவடி போய்க்கொண்டிருக்கிறேன். மழையானாலும் சரி, காய்ச்சலானாலும் சரி. பிரியாணிக்காகத்தான் இந்தப் பிள்ளை இவ்வளவு தூரம் வருகிறது என்று அவர் மனைவி நினைத்துக்கொண்டிருக்கிறார். நினைத்துக்கொள்ளட்டும்.