நாடகம் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போன ஜனாதிபதி

பயந்தவனுக்கு எண்ணிக்கை அதிகம். ரங்கூனில் அலோன் துறைமுகக் கிடங்கில் முப்பத்தாறு வருடம் மூட்டை எண்ணியவன் நான். ஓய்வு பெற்றபின் எண்ண மூட்டை இல்லை. அதனால் கரண்டு போகும் தடவைகளையும், தெருமுனையில் நிற்கும் புது முகங்களையும், என் நாடித்துடிப்பையும் எண்ணிக்கொண்டிருக்கிறேன்.

பசுந்தாங்கில் எங்கள் தமிழ் வாசகசாலையில் மாதம் ஒரு ஞாயிறு ‘பெரியோர் வாழ்வு’ என்று ஒரு சொற்பொழிவு உண்டு. மூன்று வருடத்துக்கு முன் என் முறை வந்தது, வரக்கூடாத நேரத்தில் வந்தது. என் மகள் மாலதிக்குச் சிங்கப்பூரில் வேலை கிடைத்திருந்தது. பாஸ்போர்ட்டுக்கு வார்டு ஆபீஸ் கடிதம் வேண்டும். ‘இந்தக் குடும்பத்தின் மேல் புகார் ஏதுமில்லை’ என்று நாலு வரி, ஒரு முத்திரை. மனு கொடுத்துப் பதினேழு நாள் ஆகியிருந்தது. திங்கட்கிழமை வரச் சொல்லியிருந்தார்கள். என் பேச்சு அதற்கு முந்தின நாள்.

இந்தக் காலத்தில் இந்த ஊரில் எந்தப் பெரியவரைப் புகழ்ந்தாலும் யாராவது ஒருவர் முகம் சுளிப்பார். நான் நாலு நாள் யோசித்து ஓர் அமெரிக்க ஜனாதிபதியைப் பிடித்தேன். கடலுக்கு அப்பால் வாழ்ந்தவர், செத்து நூற்றைம்பது வருடத்துக்கு மேல் ஆகிறது, ரங்கூனில் அவருக்கு உறவினர் கிடையாது. இதைவிடப் பாதுகாப்பான மனிதர் கிடைப்பாரா? (என் புத்திசாலித்தனத்தை நானே மெச்சி அன்று இரண்டு டீ குடித்தேன்.) பெயர் வேண்டாம். அன்று மேடையிலேயே சொல்லவில்லை, இன்று எதற்கு? நெட்டையாக, தாடியோடு, மரக்குடிசையில் பிறந்து, அடிமைகளை விடுவித்தாரே, அவர்தான்.

பதினான்கு பக்கம் எழுதினேன். நாற்பத்தைந்து நிமிடம் வரும். மனைவி கனகத்தை உட்காரவைத்து ஒன்பது தடவை ஒத்திகை பார்த்தேன். எட்டாம் பக்கம்தான் பேச்சின் உயிர். சந்தையில் விலை கூறி விற்கப்பட்ட அந்த மனிதர்களைச் சொல்லி, அங்கிருந்து கப்பலின் மேல்தட்டில் ஆடுமாடு போல வந்திறங்கி இந்தத் துறைமுகத்தில் முதுகொடிந்த நம் பாட்டன்மாரிடம் வருவேன். அந்த இடத்தில் கனகம் ஒன்பது தடவையும் அழுதாள். (ஏழு தடவைதான். இரண்டு தடவை வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள்.)

ஞாயிறு பிற்பகல் முப்பத்தொரு பேர் வந்திருந்தார்கள். வணக்கம் சொல்லி நிமிர்ந்தபோதுதான் பின்சுவரோரம் முப்பத்திரண்டாவது ஆளைப் பார்த்தேன். வெள்ளைச் சட்டை, கட்டம்போட்ட லுங்கி, கையில் நோட்டுப் புத்தகம். முன்பின் பார்த்திராத முகம். அவர் கண் வரிசை வரிசையாக நகர்ந்தது, உதடு அசைந்தது, பென்சில் எழுதியது. எண்ணுகிறார்! எண்ணுகிற வாயை எங்கே பார்த்தாலும் எனக்குத் தெரியும். அது என் தொழில்.

வார்டு ஆபீஸ் அனுப்பிய ஆள்தான். என் கண்முன் மாலதியின் நாலு வரி தெரிந்தது. கையிலிருந்த பதினான்கு பக்கத்தைப் பார்த்தேன். அடிமைத்தனம், விடுதலை, ஓட்டு, உள்நாட்டுப் போர், சுடப்பட்ட தலைவர். பாதுகாப்பான மனிதராம்! பக்கத்துக்கு ஆறு கைவிலங்கு வீதம் எழுதிவைத்திருக்கிறேன்.

நாக்கு தானாக வேலை செய்யத் தொடங்கியது. “அவர் நன்றாக விறகு வெட்டுவார்,” என்றேன். “பிறகு மளிகைக்கடை வைத்தார். பிறகு ஜனாதிபதி ஆனார்.” எப்படி ஆனார் என்பதைச் சொல்லவில்லை. “அந்த நாட்டில் சிலருக்கு வேலைநேரம் கொஞ்சம் அதிகமாக இருந்தது. அது கவனிக்கப்பட்டது. வடக்குக்கும் தெற்குக்கும் சிறு மனஸ்தாபம். பேசித் தீர்த்துக்கொண்டார்கள்.”

எட்டாம் பக்கத்தை அப்படியே புரட்டினேன். கடைசிப் பக்கம் வந்தது.

“ஒருநாள் மனைவியோடு நாடகம் பார்க்கப் போனார். நாடகம் முடிந்தது. வீட்டுக்குப் போனார்.”

மூன்றாம் வரிசையில் கனகம் எழுந்து நின்றாள். “என்னங்க, சுட்டுட்டாங்கன்னு சொன்னீங்களே?”

“இல்லை. அது வேறொருவர்.”

“அட, வீட்டுல ஒன்பது தடவை செத்தாரே!”

“உட்காரு கனகம். நாடகம் நல்ல நாடகம்.”

கூட்டம் சிரித்தது. பின்சுவர் மனிதர் சிரிக்கவில்லை, எழுதினார். நான் பதறி, எவருக்கும் தீங்கில்லாத அவருடைய கற்சிலைக்குத் தாவினேன். “பெரிய சிலை. நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். அகலமான, கனமான நாற்காலி!” நாற்காலி என்றதும் அவர் சடாரென்று தலை தூக்கி என்னையே பார்த்தார். அதற்குமேல் என்னால் முடியவில்லை. நன்றி வணக்கம். மொத்தம் பதினொரு நிமிடம்.

அவர் நேராக மேடைக்கு வந்தார். பக்கத்திலிருந்த நாற்காலியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன்.

“ஊலே,” என்றார். பர்மிய மொழியில் மாமா என்று மரியாதையாக அழைப்பது. அவர் மேலே பேசுமுன் நான் முந்திக்கொண்டேன். “அந்த ஜனாதிபதி எனக்குப் பழக்கமில்லை, தம்பி. யாரோ சொன்னதைத்தான் சொன்னேன்.”

“எந்த ஜனாதிபதி?” அவர் தமிழில் பர்மிய இழுப்பு இருந்தது. “நாற்காலி முப்பத்தஞ்சு வாடகைக்குக் குடுத்தேன், ஊலே. எத்தனை தடவை எண்ணினாலும் முப்பத்திநாலுதான் வருது. இதோ ஒண்ணை நீங்க பிடிச்சிட்டு நிக்கிறீங்க. விட்டா எடுத்துக்குவேன். நாலு மணிக்கு மிங்கலாடோன்ல கல்யாணம். சீக்கிரம் முடிச்சீங்க, புண்ணியமாப் போச்சு.”

வாசகசாலையின் கரையான் தின்ற பெஞ்சுகளுக்குப் பதிலாகச் செயலாளர் வாடகை நாற்காலி எடுத்திருக்கிறார். உலகத்தில் எல்லாவற்றையும் எண்ணுகிற எனக்கு, இன்னொருவரும் வெறும் நாற்காலியை எண்ணலாம் என்று தோன்றவில்லை.

திங்கட்கிழமை கடிதம் கிடைத்தது. புகார் ஏதுமில்லை. என் பேச்சைப் பற்றி அங்கே யாருக்கும் தெரியவே தெரியாது. வீட்டுக்கு வந்து அதை மாலதியிடம் கொடுத்தபோது கனகம் ஒன்றே ஒன்று கேட்டாள்.

“அவரை வீட்டுக்கு அனுப்பினீங்க, சரி. நம்ம பாட்டன்மாரையும் ஏன் அனுப்பிட்டீங்க?”

அந்தக் கேள்விக்கு இன்றுவரை என்னிடம் பதினைந்து பதில் இருக்கிறது. ஒன்றும் நல்ல பதில் இல்லை.

எங்கள் வீட்டில் அன்றிலிருந்து எவர் எதை மழுப்பினாலும் ‘வீட்டுக்குப் போனார்’ என்றுதான் சொல்கிறோம். மாலதி அதற்கு வேறொரு வேலை கொடுத்துவிட்டாள். சிங்கப்பூரிலிருந்து தினமும் மாலை போன் செய்வாள். ஊரில் என்ன நடக்கிறது, ஆபத்து உண்டா என்று போனில் கேட்க முடியாது, யாராவது ஒட்டுக்கேட்கலாம். சிரித்துக்கொண்டே, “அப்பா, நாடகம் முடிஞ்சு ரெண்டு பேரும் வீட்டுக்கு வந்தாச்சா?” என்பாள்.

கனகம் அநேகமாக அப்போது கடைத்தெருவில் இருப்பாள். நான் உடனே பதில் சொல்வதில்லை. வெயிலைப் பற்றியும் மழையைப் பற்றியும் பேசிக்கொண்டே கதவைத் திறந்துவைத்திருப்பேன். எங்கள் மாடிக்கு எழுபத்திரண்டு படி. அவள் செருப்புச் சத்தம் எழுபத்திரண்டும் கேட்ட பிறகுதான், “வந்தாச்சும்மா,” என்பேன்.