இடக்கை மாலுமி குறித்து ஒரு திருத்தம்

ரெமெடியோஸ்,
9 அக்டோபர் 1928

மாட்சிமை பொருந்திய ‘கலங்கரை’ வார இதழாசிரியர் தொன் அம்புரோசியோ லாரா அவர்கள் சமூகத்துக்கு, இவ்வூர்ச் சுருட்டு ஆலையில் பதினோரு வருடமாக, சுருட்டு உருட்டும் தொழிலாளர்களுக்கு வேலைநேரத்தில் பத்திரிகையும் கதையும் படித்துக்காட்டும் ஃபெர்மின் ஒக்கெண்டோ வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. தாங்களும் தங்கள் இல்லத்தாரும், தலையங்கத்தில் அடிக்கடி குறிப்பிடப்படும் தங்கள் கல்லீரலும் நலமென்று நம்புகிறேன். என் நலத்தைத் தங்கள் இதழ் இதுவரை விசாரித்ததில்லை. ஆகவே அதை விட்டுவிடலாம்.

விஷயம், தங்கள் இதழில் அனிசெட்டோ வில்லார் எழுதிவரும் கேப்டன் தெல்மோ கிரோகாவின் தொடர்கதை. திசைகாட்டிக்குப் பதில் பாய்மரத்தில் ஒரு சுவர்க்கடிகாரத்தை மாட்டி, அதன் முள்ளைத் திருப்பித் திருப்பி ‘நாளை’ என்ற கப்பலை வருடங்களுக்குள் ஓட்டும் அந்த மனிதர் அனிசெட்டோவின் சொத்து என்று ஊர் நம்புகிறது. சாந்தா கிளாராவில் பள்ளிக்கூடத்தில் நாங்கள் இருவரும் ஒரே பெஞ்சு. கேப்டன் முதன்முதலில் தோன்றியது என் ஜியோமெட்ரி நோட்டின் கடைசிப் பக்கங்களில். நோட்டு இன்னும் என்னிடம் இருக்கிறது. கட்டுரைப் பரிசு அவனுக்குப் போயிற்று, பிறகு ஹவானா, பிறகு தங்கள் இதழ். எனக்குக் கிடைத்தது உயரமான ஒரு நாற்காலியும் நூற்று நாற்பது பேரின் இருமலும். இதைக் குறையாகச் சொல்லவில்லை. தகவலுக்காகச் சொல்கிறேன்.

சென்ற மாதம் மழையில் ரயில் பாதை அரித்துப்போய்த் தங்கள் இதழ் வரவில்லை. அதற்கு முந்தைய இதழில், 1762-இல் ஹவானா துறைமுகத்தை ஆங்கிலேயக் கப்பல்கள் வளைத்து நிற்க, அனிசெட்டோ கேப்டனை அம்போவென்று விட்டிருந்தான். எங்கள் ஆலையில் வாசிப்பது பிடித்தால் இலை வெட்டும் கத்தியால் பலகையில் தட்டுவார்கள். பிடிக்காவிட்டால் கத்தியைத் தரையில் போடுவார்கள். நூற்று நாற்பது கத்திகள் ஒன்றாக விழும் சத்தத்தைத் தாங்கள் கேட்டிருக்க மாட்டீர்கள். எனக்கு முன்பு இருந்தவருக்கு அப்படி விழுந்துதான் இந்த நாற்காலி எனக்கு வந்தது. ஆகவே பழைய இதழையே விரித்து வைத்துக்கொண்டு அதில் இல்லாததைப் படித்தேன். கேப்டன் முள்ளை ஒரு திருப்பு திருப்பினார், கப்பல் நம் காலத்துக்கு வந்து இங்கே பக்கத்துக் கைபாரியென் கடலில் எழுந்தது, தண்ணீரில் தத்தளித்த ஒருவனை அள்ளிப் போட்டுக்கொண்டு மறுபடி முற்றுகைக்கே திரும்பிற்று என்று. அவனுக்கு ஏதாவது அடையாளம் வேண்டுமே. கண் நாலாம் வரிசைக்குப் போனது. அங்கே இடக்கைக்காரனுக்கென்று அமைத்த மேசை ஏழு வருடமாகக் காலி. இடக்கைப் பழக்கம், ஒரு காதில் பாதி கிடையாது என்று வாய் சொல்லிவிட்டது.

இலை நரம்பு உரிக்கும் எதுவிஹெஸ் எழுந்து நின்றுவிட்டாள். கடற்பஞ்சு எடுக்கப் போன படகோடு காணாமற்போன அவள் மகன் ரெமிஹியோவின் மேசை அது.

“ஐயோ, அது எம் புள்ள!”

“உக்காரு அக்கா, அது கதை,” என்றான் பக்கத்து மேசை மத்தியாஸ்.

“கதைன்னா பாதிக் காது எப்படிடா தெரியும்? பேப்பர்ல போட்டிருக்கான்ல?”

“அப்பச் சரி. ஏழு வருஷமா சோத்துக்கு வராத பய கப்பல்ல வேலைக்குச் சேந்துட்டான். வாத்தியாரே, அங்க சுருட்டு உருட்டுறானா, பாத்திரம் கழுவுறானா? ஏதாச்சும் போட்டிருக்கா?”

கத்திகள் தட்டின. பலகை பிளக்கிற மாதிரி தட்டின. எனக்கு அப்படி ஒரு நாளும் தட்டியதில்லை.

அடுத்த வாரம் ரயில் வந்தது, இதழும் வந்து தொலைத்தது. அதில் அனிசெட்டோ ஒரே பீரங்கிக் குண்டில் ‘நாளை’யை ஆட்களோடு மூழ்கடித்து, கேப்டனை மட்டும் ஒரு மரத்துண்டில் மிதக்க விட்டிருக்கிறான். நான் அதைக் கையில் பிடித்துக்கொண்டே, குண்டு குறி தவறியது, புதிய ஆள் பாய் தைத்துக்கொண்டிருக்கிறான் என்று படித்தேன். வேறென்ன செய்ய? இப்போது அவள் தினமும் காலையில் நாற்காலிக்குக் கீழே வந்து நிற்கிறாள். “வாத்தியாரே, எம் புள்ளைக்கு இன்னிக்கு என்ன சாப்பாடு?” சோறும் கறுப்பு பீன்சும் என்கிறேன். “பன்னிக்கறி இல்லையா?” முற்றுகை அம்மா, கிடைக்காது என்கிறேன். “அப்ப வறுத்த வாழைக்காயாவது போடச் சொல்லு. அது இல்லாம எந்திரிச்சுப் போயிருவான்.” போட்டேன்.

மேஸ்திரி கசியானோவுக்கு எழுத்துக்கூட்டிப் படிக்க வரும். நேற்று எல்லோருக்கும் கேட்கும்படி, “வாத்தியாரே, என் பேப்பர்ல கப்பல் முழுகிப்போச்சே, உங்க பேப்பருக்கு மட்டும் நீச்சல் தெரியுமோ?” என்றான். வரும் சனிக்கிழமை இதழ் வந்ததும் தானே மேடையேறி இரண்டு அத்தியாயத்தையும் படிக்கப்போகிறானாம். அச்சில் இல்லாததைப் படித்தவனுக்கு இங்கே நாற்காலி கிடையாது. எதுவிஹெஸ் கேட்டுக்கொண்டிருந்தாள். பிழை தங்கள் இதழில்தான், சனிக்கிழமை திருத்தம் வரும் என்று சொல்லிவிட்டேன்.

ஆகவே, சென்ற அத்தியாயம் தவறுதலாக அச்சேறியது என்றும், ‘நாளை’யில் ஒருவரும் சாகவில்லை என்றும், இத்தொடரின் மூலகர்த்தா ஃபெர்மின் ஒக்கெண்டோ என்றும் தடித்த எழுத்தில் வெளியிடக் கோருகிறேன். அனிசெட்டோ மன்னிப்புக் கேட்டால் ஏற்பதாக இல்லை. ஆனாலும் கேட்க வேண்டும். மேற்கொண்டு மூன்று அத்தியாயங்கள் இத்துடன் இணைத்திருக்கிறேன். அவனுடையதைவிட மோசமாக எழுதுவது எனக்குச் சாத்தியமில்லை.

தங்கள் அச்சு இயந்திரம் நீடூழி வாழவும், தங்கள் கல்லீரல் தங்களுக்கு அடங்கி நடக்கவும் கர்த்தர் அருள்வாராக.

இங்ஙனம்,
ஃபெர்மின் ஒக்கெண்டோ

பின்குறிப்பு: ஜியோமெட்ரி நோட்டைப் பற்றி மேலே எழுதியது உண்மை, நோட்டு என்னுடையது. அதில் எழுதியவன் அனிசெட்டோ. எழுத எழுத எனக்குத்தான் முதலில் படித்துக்காட்டுவான். என் பெயர் போட வேண்டாம், மன்னிப்பும் வேண்டாம், இணைத்துள்ளவற்றை அவன் பெயரிலேயே வெளியிடலாம். நாற்காலி போனால் போகட்டும். அந்த இடக்கைக்காரன் மட்டும் என்னுடையவன். அவனை மூழ்கடிக்க வேண்டாம். கரையேற்றவும் வேண்டாம், ஏற்றினால் அவள் கைபாரியென் துறைமுகத்தில் போய் நிற்பாள். கப்பலிலேயே இருக்கட்டும். வாழைக்காயை மறக்க வேண்டாம்.