சூதாட்டக் கூடத்தின் பின்பக்க ஜன்னல்

தகமத்சு,
ஹெய்செய் நான்காம் ஆண்டு (1992), ஜூன் 18, வியாழன்

அன்பும் மதிப்பும் மிக்க மைத்துனர் யோஷிரோவுக்கு,

மழை பிடித்துக்கொண்டுவிட்டது. வாசலில் அஜிசாய்ப் பூக்கள் நீலமாகிவிட்டன. இந்த ஈரக் காற்றிலும் உன் கால் எலும்பு ஒழுங்காக ஒட்டிக்கொண்டு வரும் என்று நம்புகிறேன். மருத்துவமனைச் சாப்பாட்டில் உப்பு இல்லை என்று நீ சொன்னதாக உன் அக்கா சொன்னாள், ஊறுகாய் அனுப்பியிருக்கிறோம். இங்கே நானும் அவளும் நலம். “நலம்” என்று எழுதிவிட்டுப் பேனாவைக் கீழே வைத்துப் பத்து நிமிடம் உட்கார்ந்திருந்தேன். அடிக்கவும் மனம் வரவில்லை, அப்படியே விடவும் மனம் வரவில்லை. ஆகவே உன் அக்கா நலம். என்னைப் பற்றிக் கீழே எழுதுகிறேன்.

போன ஜூலையில் நான் எழுதிக் கொடுத்த உறுதிப் பத்திரம் உனக்கு நினைவிருக்கும். ஜாமீன்தாரர் என்ற இடத்தில் உன் முத்திரைதான் இருக்கிறது. உன் அம்மாவின் ஏழாம் ஆண்டு நினைவுச் சடங்கு அன்று ஊதுபத்தி வாங்கி வருகிறேன் என்று கிளம்பிய நான், வழியில் பச்சிங்கோ சூதாட்டக் கடைக்குள் நுழைந்து, குருக்கள் மந்திரம் முடித்துக் காரேறிப் போன பிறகு, பரிசாகக் கிடைத்த நண்டு டின்னுடன் வீடு திரும்பினேன். அன்றைக்கு உன் அக்கா சுமியே கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். அந்த டின்னை வாங்கி உன் அம்மாவின் படத்துக்கு முன்னால் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள். மறுநாள்தான் அந்தப் பத்திரம். பணம் போட்டு விளையாடும் இயந்திரங்கள் உள்ள எந்தக் கூடத்திலும் இனிக் காலடி வைக்க மாட்டேன். வைத்தால் அவள் மத்சுயாமாவில் இருக்கும் உங்கள் பெரிய அக்கா வீட்டுக்குப் போய்விடுவாள், நான் தடுக்கக் கூடாது. ஒன்பது மாதம் அதைக் காப்பாற்றினேன். கடை இருக்கும் தெருவைத் தவிர்க்க மீன் வாங்கவே சுற்றிப் போனேன் என்றால் பார்த்துக்கொள்.

அப்புறம் நீ ஏணியிலிருந்து விழுந்தாய். விளம்பரப் பலகை வரைகிறவன் விழுவது இயல்புதான், அதைக் குறை சொல்லவில்லை. ஆனால் விழுந்த கையோடு உன் வீடியோ விளையாட்டுப் பெட்டியை எங்கள் வீட்டில் கொண்டுவந்து வைக்கச் சொன்னாயே, அதை மட்டும் நீ யோசித்திருக்கலாம். “வாரத்துக்கு ஒரு தடவை போட்டு, சேமிச்சு வெச்ச முதல் குறிப்பு உயிரோட இருக்கான்னு மட்டும் பாருங்க அத்தான். மூணு வருஷ உழைப்பு. ரீசெட் பொத்தானை அமுக்கிப் பிடிச்சுக்கிட்டேதான் அணைக்கணும். வேற எதையும் தொடாதீங்க” என்றாய். தாளில் எழுதியும் பெட்டி மேல் ஒட்டினாய். நானும் மூன்று வாரம் போட்டேன், பார்த்தேன், அமுக்கிப் பிடித்தேன், அணைத்தேன். நாலாவது வாரம்தான் திரையில் உன் ஆட்கள் நாலு பேரையும் சரியாகப் பார்த்தேன். முன்னால் நீ நடக்கிறாய். உன் பின்னால் மந்திரக்காரி, அவளுக்குப் பின்னால் ஒரு கிழவர், கடைசியில் தரையோடு தரையாக இழுபட்டுக்கொண்டு ஒரு சவப்பெட்டி. அதைத் திறந்து பார்த்தால் உள்ளே கிடந்த வீரனின் பெயர் கென்சாகு.

யோஷிரோ, என் பெயரை வைத்ததற்கு நன்றி. ஆனால் எத்தனை நாளாக என்னைப் பிணமாக இழுத்துக்கொண்டு அலைகிறாய்? கையில் நாற்பத்திரண்டாயிரம் தங்கக் காசு இருந்தது. கோயிலில் உயிர்ப்பிக்க எண்ணூறுதான் கேட்கிறார்கள். எண்ணூறு! அசுர ராஜாவை அடிக்கப் போகிறவனுக்கு அத்தானுக்காக எண்ணூறு செலவழிக்க மனம் வரவில்லை. சரி, காலில் மாவுக்கட்டோடு கிடப்பவனிடம் இதைப் பேசக் கூடாது. நான் செய்தது இவ்வளவுதான்: என்னை உயிர்ப்பிக்கலாம் என்று பக்கத்திலிருந்த துறைமுக ஊருக்குள் நுழைந்தேன். கோயில் எங்கே என்று தெரியவில்லை. முப்பத்தாறு வருஷம் நகரப் பேருந்து ஓட்டியவன் நான். ஒரு தெருவுக்குள் வண்டியை விட்டால் கடைசி நிறுத்தம்வரை போகாமல் திரும்ப மாட்டேன். சத்திரத்தின் உள்ளே, அடுப்படிக்குப் பின்னால், கழிப்பறை மாதிரி ஒரு இருட்டு வாசல். நுழைந்தால் படிக்கட்டு. இறங்கினால் ஒரே வெளிச்சம், ஒரே பாட்டு, வரிசை வரிசையாகச் சக்கரம் சுழலும் இயந்திரங்கள். வெளியே ஓடியிருக்க வேண்டும். இருபது தங்கக் காசுக்கு ஒரு ஆட்டக் காசு என்று வாசலிலிருந்த பெண் சொன்னாள். பத்து வாங்கினேன். அந்தப் பத்து அரை மணியில் நானூறாகிவிட்டது. கென்சாகுவைக் கோயிலில் உயிர்ப்பித்தது அடுத்த தடவைதான்.

உன் அக்கா திங்கள், புதன், வெள்ளி மத்தியானங்களில் கூட்டுறவுக் கடைக்கு வேலைக்குப் போகிறாள். அந்த மத்தியானங்களெல்லாம் அப்படியே போயின. இடையில் தோற்றேன். மறைக்கவில்லை, நிறையத் தோற்றேன். உன் நாற்பத்திரண்டாயிரத்தில் பெரும்பகுதி ஆட்டக் காசாகிவிட்டது. ஆனால் மே கடைசியில் ஒரு நாள் மூன்று சக்கரத்திலும் ஏழு ஒன்றாக வந்து நின்றது. ஐயாயிரத்துச் சொச்சம் ஆட்டக் காசு கையில். இதைத் திரும்பத் தங்கமாக மாற்றி உன் பையில் போட்டுவிட்டு, ரீசெட்டை அமுக்கிப் பிடித்து அணைத்துவிட்டு, ஜென்மத்துக்கும் அந்தப் பெட்டியைத் தொடுவதில்லை என்று சத்தியமாக முடிவு செய்தேன். மாற்றும் இடத்துக்குப் போனால் அங்கிருக்கும் பெண் பணம் என்ற பேச்சையே எடுக்கவில்லை. எந்தப் பரிசு வேண்டும் என்றுதான் கேட்கிறாள். எனக்கு உடனே விஷயம் புரிந்துவிட்டது. எந்தக் கடையில்தான் நேராகப் பணம் கொடுக்கிறார்கள்? சின்னப் பரிசாக வாங்கிக்கொண்டு, கடைக்குப் பின்னால் சந்துக்குப் போய், கை மட்டும் தெரிகிற அந்த ஜன்னலில் நீட்டினால் பணம் வரும். உலகம் முழுக்க அதுதானே வழக்கம். ஆகவே வெளியே வந்து சத்திரத்தின் பின்பக்கம் போனேன். ஜன்னல் இல்லை.

இதில் எனக்கு அனுபவம் போதவில்லை என்று சவரக்கடை கனமோரியைக் கூப்பிட்டேன். நாற்பது வருஷமாகப் பச்சிங்கோ ஆடுகிறவன், தகமத்சுவில் அவனுக்குத் தெரியாத ஜன்னல் கிடையாது. கடையை மூடிவிட்டு, கத்தரிக்கோல் பையோடு வந்து தொலைக்காட்சிக்கு முன்னால் உட்கார்ந்தான்.

“பின்னாடி போயிப் பாத்தியா?”

“பாத்தேன்பா. வெறும் சுவருதான் இருக்கு.”

“ஒவ்வொரு கல்லா தட்டிப் பாரு. ஜன்னல் இங்கேன்னு போர்டா மாட்டி வெச்சிருப்பான்? போலீசு வந்துட்டா?”

“அந்தப் பொண்ணுகிட்டயே இன்னொரு தடவ கேக்கட்டுமா?”

“கேக்காத. அவ வாயத் தொறந்து சொன்னா கடைக்கு லைசன்ஸ் போயிடும். அவ சொல்லாததுலயே தெரியல, நல்ல பொண்ணுன்னு?”

ஒவ்வொரு கல்லாகத் தட்டினோம். சத்திரம் முடிந்து கோயில் சுவர், கோயில் முடிந்து படகுத்துறை. கிணற்றைச் சுற்றி ஒருவன் நடந்துகொண்டிருந்தான். பதினோரு தடவை கேட்டோம், பதினோரு தடவையும் கடலில் காற்று சரியில்லை என்றே சொன்னான். “இவன் எதையோ மறைக்கிறான். இவன்தான் ஜன்னலுக்குக் காவல்” என்றான் கனமோரி. அவன் பின்னாலேயே ஒன்றரை மணி நேரம் கிணற்றைச் சுற்றினோம். அப்புறம் கனமோரிக்கு ஒரு யோசனை வந்தது. “வெறுங்கையோட போனா எப்படிப்பா ஜன்னல் தொறக்கும்? முதல்ல சரக்கை வாங்கு.” அவன் சொன்னதில் நியாயம் இருந்ததால் இருந்த ஆட்டக் காசையெல்லாம் கொடுத்து மிகச் சின்னப் பரிசாக, வாசனைத் தைலக் குப்பி முப்பத்தொன்று வாங்கினேன். நாலு பேர் பையும் நிரம்பிவிட்டது. இடம் போதாமல் உன் மூலிகைகளை விற்றேன். ஊருக்குள் இல்லையென்றால் ஊருக்கு வெளியே இருக்கும் என்று மதிலைச் சுற்றிக் காட்டுக்குள் போனோம். அங்கே கனமோரி, “குப்பிய எடுத்துக் காட்டு, பாக்கட்டும்” என்றான். காட்டினேன். அந்தத் தைலத்தின் வாசனைக்கு அசுரக் கூட்டம்தான் வரும் என்று எங்களுக்கு எப்படித் தெரியும்? மூலிகையும் இல்லை. முதலில் செத்தவன் கென்சாகு. அப்புறம் கிழவர், அப்புறம் மந்திரக்காரி, கடைசியில் நீ. அந்த விளையாட்டின் அரசர் எங்களை எழுப்பி உட்காரவைத்து, மிச்சமிருந்த தங்கத்தில் பாதியை எடுத்துக்கொண்டார். “இந்த ஊரு சரியில்ல” என்று சொல்லிவிட்டுக் கனமோரி கடை திறக்கப் போய்விட்டான்.

இதற்குப் பிறகாவது விட்டேனா? ஜூன் முதல் தேதி, திங்கட்கிழமை, விட்டதைப் பிடிக்கலாம் என்று கடைசிக் காசுகளை வைத்து ஆடிக்கொண்டிருந்தபோது, கூட்டுறவுக் கடையில் குளிர்பெட்டி பழுதாகி உன் அக்கா சீக்கிரம் வந்துவிட்டாள். நான் கவனிக்கவில்லை. அந்த நேரம் பார்த்து இயந்திரம் காசைக் கொட்டியது.

“என்னங்க, என்ன சத்தம் அது?” என்று வாசலில் இருந்தே கேட்டாள்.

“ஒண்ணுமில்ல, கவசம் வாங்குறேன்.”

“கவசம் இப்படியா சலசலன்னு கொட்டும்?”

நான் ரீசெட்டை அமுக்கினேன். அவள் அடுப்படிக்குப் போனாள். ஊடோன் நூடுல்ஸ் செய்தாள், எனக்கு முட்டைகூட உடைத்து ஊற்றினாள். மறுநாள் காலையில் அலமாரி உச்சியிலிருந்து பயணப் பையை இறக்கித் துடைத்துக்கொண்டிருந்தாள். “எதுக்கு?” என்றேன். “தூசியா இருந்துச்சு” என்றாள். பையின் உள்பக்கத்தையும் துடைத்தாள். பதினாறு நாளாக அந்தப் பை செருப்பு விடும் இடத்துக்குப் பக்கத்தில் நிற்கிறது. அன்றிலிருந்து உன் பெட்டியை நான் தொடவில்லை. சவரக்கடைக்குப் போய்ச் சும்மா உட்கார்ந்திருக்கிறேன், வீட்டுக்கு வந்தால் பாத்திரம் கழுவுகிறேன்.

ஜாமீன்தாரர் என்ற முறையில் நீதான் தீர்ப்புச் சொல்ல வேண்டும். நான் பத்திரத்தை மீறினேனா, இல்லையா? என் தரப்பில் சொல்ல இரண்டு உண்டு. ஒன்று, என் பாதம் எங்கள் வீட்டுத் தத்தாமிப் பாயை விட்டு எங்கும் போகவில்லை. இரண்டு, முதன்முதலில் அந்தக் கூடத்துக்குள் போன நாளில் கென்சாகு சவப்பெட்டிக்குள் இருந்தார். செத்துக் கிடந்தவன் காலடி வைத்தான் என்று எந்த நீதிமன்றமும் சொல்லாது. உயிர்ப்பித்த பிறகும் போனார் என்பதை நான் மறைக்கவில்லை.

உண்மையைச் சொன்னால் எனக்குப் பயமாக இருக்கிறது, யோஷிரோ. ஒவ்வொரு நிறுத்தத்திலும் ஆட்கள் இறங்கிப் போவதைக் கண்ணாடியில் பார்த்தே காலம் தள்ளியவன் நான். உன் அக்கா இறங்கிப் போவதை என்னால் பார்க்க முடியாது. தினமும் காலையில் எழுந்ததும் முதலில் பை இருக்கிறதா என்று பார்க்கிறேன். இருந்தால்தான் முகம் கழுவுகிறேன். நீ மீறவில்லை என்று சொன்னால் அந்தத் தைரியத்தில் அவளிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுவேன். மீறினாய் என்று சொன்னாலும் சொல்லிவிடுவேன், ஆனால் அதற்கு முன்பு இரண்டு நாள் அவகாசம் கொடு. உன் தங்கத்துக்கும் என் வாழ்நாள் முழுவதும் மன்னிப்புக் கேட்பேன். மிச்சம் இருநூற்றுப் பத்து. குப்பி முப்பது இருக்கிறது.

இந்தக் கடிதத்தை நாளை உனக்கு வரும் துவைத்த துணியில், நீல யுகாதா அங்கியின் மூன்றாவது மடிப்பில் வைக்கிறேன். கொண்டுவருகிறவள் உன் அக்காதான் என்றாலும் மடித்தது நான் என்பதால் பயமில்லை. பதிலை அழுக்குத் துணிக்குள் வைத்து அனுப்பு. உன் காலில் வலு ஏறட்டும், தையல் ஆறட்டும், உனக்குப் பக்கத்துப் படுக்கையில் குறட்டை விடுகிறவர் சீக்கிரம் குணமாகி வீட்டுக்குப் போகட்டும் என்று மனதார வேண்டிக்கொள்ளும்,

உன் அத்தான்,
இசோபே கென்சாகு

பின்குறிப்பு: தம்பி, இது உன் அக்கா சுமியே எழுதுவது. முப்பத்தெட்டு வருஷத்தில் உன் அத்தான் ஒரு கைக்குட்டை மடித்ததில்லை. நீல யுகாதா செங்கல் மாதிரி மடிந்து கிடந்ததைப் பார்த்ததும் பிரித்துவிட்டேன், முழுவதும் படித்துவிட்டேன். பையை இறக்கியது மத்சுயாமா போகத்தான், அதில் சந்தேகம் வேண்டாம். மறுநாள் அவர் சவரக்கடைக்குப் போனதும், கிளம்புவதற்கு முன்னால் அது என்ன கடை என்று ஒரு தடவை பார்த்துவிடுவோம் என்று உட்கார்ந்தேன். உன் காசைப் பற்றிக் கவலைப்படாதே. அவர் கையில் பெட்டி வந்த அன்றைக்கே, உன் தாளின் கடைசி வரியில் எழுதியிருந்தபடி, உன் குறிப்பை மூன்றாவது இடத்தில் படியெடுத்து வைத்துவிட்டேன். முதல் வரிக்குக் கீழே எதையும் பார்க்கும் பழக்கம் அவருக்குக் கிடையாது. ஆகவே நாற்பத்திரண்டாயிரமும் அதில் பத்திரமாக இருந்தது. இந்தச் செவ்வாய்வரை இருந்தது. அந்த ஜன்னல் படகுத்துறைப் பக்கமும் இல்லை, கலங்கரை விளக்கத்துப் பக்கமும் இல்லை, நான் நன்றாகத் தேடிவிட்டேன். நீ அவருக்குப் பதில் எழுத வேண்டாம். பை வாசலில் இருக்கும்வரை பாத்திரம் கழுவுகிறார், காலையிலேயே வெளியே போய்விடுகிறார், எனக்கும் வசதியாக இருக்கிறது. உறுதிப் பத்திரத்தை மட்டும் இன்றைக்குக் கிழித்துப் போட்டுவிட்டேன். அதை எடுத்து நீட்டி, நீயும் இதில் ஒரு கையெழுத்துப் போடு என்று அவர் சொல்லிவிட்டால் நான் எங்கே போவேன்?