பேசாத படத்து வைத்தியம்

மூக்குக்கண்ணாடிக் கடைக்காரருக்கு ஒரு மாதமாகத் தூக்கம் இல்லை. ஊரார் பார்வையையெல்லாம் சரிசெய்கிற மனுஷர், தன் கண்ணை மூட வழி தெரியாமல் கொட்டக் கொட்ட விழித்துக் கிடந்தார். அதைவிட அவரை வதைத்தது வேறொன்று. மனைவி ஒருநாள்கூட "ஐயோ பாவம்" என்று சொல்லவில்லை.

அந்த இரக்கத்தையெல்லாம் அவள் நூலகத்துக் கூடத்தில் காட்டிய ஒரு பழைய பேசாத படத்து நாயகனுக்குக் கொடுத்துவிட்டு வந்திருந்தாள். அவனுக்கும் தூக்கம் வராதாம். அதற்கு அவன் செய்கிற கோணங்கி வைத்தியங்கள்தான் படம் முழுக்க. அக்காவிடம் போனில் அதைச் சொல்லிச் சொல்லிக் கண்ணில் நீர்வரச் சிரித்தாள். கடைக்காரருக்கு வயிறு எரிந்தது. தன்னிடம் அவள் அப்படிச் சிரித்து எத்தனை வருஷம் ஆயிற்று!

"அப்படி என்னதான் பண்ணினான் அவன்?"

அவள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "பாவங்க அந்த மனுஷர். தூக்கம் வரணும்னு வீட்டுல இருக்கிற பாத்திரத்தையெல்லாம் தேய்ச்சுக் கவுத்தார். அதுலயும் ஒரு அழகு."

"இது ஒரு பெரிய வித்தையா? நான் தேய்ச்சுக் காட்டறேன் பாரு."

ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே சட்டையைக் கழற்றிவிட்டு இறங்கினார். அலமாரி உச்சியில் கறுத்துக் கிடந்த பானையைக்கூட விடவில்லை. நாயகன் இரண்டு போர்வை துவைத்தான் என்றாள். இவர் ஜன்னல் திரைகளோடு சேர்த்து ஏழு துவைத்தார். அவன் ஏணியில் ஏறி மின்விசிறியைத் துடைத்துவிட்டுத் தலைகீழாகத் தொங்கினான் என்றாள். இவரும் துடைத்தார். ஆனால் தொங்கவில்லை, விழுந்தார். மனைவி கட்டிலில் சாய்ந்தபடி, "அவர் இன்னும் வேகமாத் துடைச்சார்" என்று நாயகனைச் சொல்லிக் குறைப்பட்டுக்கொண்டாள். அந்த 'அவர்' என்ற மரியாதையைக் கேட்ட ஆத்திரத்தில் குளியலறைத் தரையையும் தேய்த்து முடித்தார்.

சாயங்காலம் சோபாவில் சாய்ந்தவர் மறுநாள் காலையில்தான் எழுந்தார். தூக்கம் வந்த சந்தோஷம்கூட அவருக்கு இல்லை. அந்தப் பயலை ஒருமுறை நேரில் பார்த்துவிட வேண்டும் என்றுதான் தோன்றியது.

சனிக்கிழமை அதே படத்தை மறுபடி காட்டினார்கள். மனைவியோடு போய் முதல் வரிசையில் உட்கார்ந்தார். நாயகன் பூங்கா பெஞ்சில் படுத்தான். ஓடுகிற வண்டியின் கூரையில் படுத்தான். பேண்டுக்காரர்களின் பெரிய முரசுக்குள் புகுந்து படுத்தான். படம் முடிந்து விளக்கும் போட்டாகிவிட்டது. அவன் ஒரு கரண்டிகூடக் கழுவவில்லை.

"நீ சொன்னதுல ஒண்ணுகூடப் படத்துல இல்லையே" என்றார்.

மனைவி வெற்றுத் திரையை ஆசையாகப் பார்த்தாள்.

"நான் என்ன சொன்னாலும் மறுத்து ஒரு வார்த்தை பேசமாட்டார். அதனாலதாங்க அவரை எனக்குப் பிடிச்சிருக்கு."