சீனியாரிட்டி அக்கா போட்ட கேஸ்

திருவண்ணாமலையிலேயே வரிசை என்ற ஒன்றை மதித்த ஒரே ஜீவன் எங்கள் ஹாஸ்டல் சீனியாரிட்டி அக்காதான். கீழ்பென்னாத்தூர்க்காரி. டைப்ரைட்டிங் ஹையர் பாஸ் செய்துவிட்டு, ஒரு ஜாப் டைப்பிங் கடையில் தட்டிக்கொண்டே அரசு வேலைக்குக் காத்திருந்தாள். அவள் சொந்தப் பெயர் வார்டனுக்கே மறந்துபோயிருந்தது.

காலையில் வெந்நீர் பிடிக்க, ஹாஸ்டலில் யார் முதலில் சேர்ந்தார்களோ அவர்கள் வாளிதான் முன்னால். வார்டன் வாளிகூடப் பின்னால்தான். அவர் அக்காவுக்குப் பிறகு வந்தவர். ஒரே ஞாயிற்றுக்கிழமையில் இரண்டு மாப்பிள்ளை வீட்டார் வந்து நின்றபோது, "யாருப்பா முதல்ல வந்தாங்க?" என்று அப்பாவிடம் கேட்டு, அந்த வரிசைப்படியே இரண்டு பேரையும் வேண்டாமென்றாளாம்.

தொண்ணூறுகளின் நடுவில், வேங்கிக்காலில் ஓர் அலுவலகத்தில் டைப்பிஸ்ட் வேலை ஒன்று காலியானது. வேலைவாய்ப்பு அலுவலகத்திலிருந்து எனக்கு இன்டர்வியூ கார்டு வந்தது. எனக்கு வெகு முன்பே பதிந்திருந்த அக்காவுக்கு வரவில்லை. போய்க் கேட்டால், பதிவைப் புதுப்பிக்கவில்லை என்றார்கள். அவளோ நாள் தவறாமல் புதுப்பித்தவள்.

"ஐகோர்ட்டுக்குப் போறேன்டி" என்றாள்.

"விடாதீங்கக்கா!" என்றேன் வீரமாக.

அடுத்த மாதம் நோட்டீஸ் வந்தது. என் பெயருக்கு. நான் மூன்றாவது எதிர்மனுதாரர்.

"உன் மேல கோவமில்லடி. உன்னையும் சேக்கலன்னா கேஸ் நிக்காதுன்னு வக்கீல் சொல்லிட்டாரு. கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்க."

விசாரணைக்கு இருவரும் ஒரே பஸ்ஸில் சென்னைக்குப் போனோம். செஞ்சி தாண்டியதும் எனக்கும் சேர்த்துக் கட்டிவந்த புளிச்சோற்றைப் பிரித்தாள். கோர்ட் வராந்தாவில் அவள் வக்கீல், "எதிர்மனுதாரர் வந்திருக்காங்களா?" என்று கேட்டபோது, எதிர்மனுதாரர் அக்காவின் தோளில் சாய்ந்து தூங்கிக்கொண்டிருந்தார்.

அக்காவையும் இன்டர்வியூவுக்குக் கூப்பிட வேண்டும் என்று உத்தரவானது. அன்று முதல் அவள் எனக்கு டைப்பிங் பயிற்சி கொடுக்க ஆரம்பித்தாள்.

"தப்பு ஜாஸ்தி, ஸ்பீடு கம்மி. திரும்ப அடி."

"அக்கா, வேலை எனக்குக் கெடச்சிட்டா?"

"கெடைக்கட்டுமே. என்னைக் கூப்புடாம வுட்டதுக்குத்தான் கேஸு. கூப்ட்டப்புறம் தோத்தா அது என் கை செஞ்ச தப்பு."

அவள் தோற்கவில்லை. முடிவு தெரிந்த மத்தியானம் நான் குளியலறையில் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு அழுதேன். வெளியே வாளிகளின் சத்தம். யாரோ கதவைத் தட்டினார்கள்.

"தட்டாதீங்க. அவதான் முதல்ல போயிருக்கா, மெதுவா வரட்டும்" என்று அக்காவின் குரல் கேட்டது. வெளியே வந்தபோது அவள் கண்களும் சிவந்திருந்தன.

வேலையில் சேரும் நாளன்று அவளுக்குப் புடவை மடிப்பே நிற்கவில்லை. நான்தான் மண்டிபோட்டுக் கொசுவம் பிடித்துவிட்டேன். அவளைப் பஸ் ஏற்றிவிட்டு, எனக்கே வேலை கிடைத்ததுபோல ஹாஸ்டல் முழுக்கச் சாக்லேட் கொடுத்தேன்.