ஸ்டார்ட்டர் ரிலே விஷயமாக மாப்பிள்ளைக்கு

அன்பும் மதிப்பும் மிக்க மாப்பிள்ளை அவர்களுக்கு,

மாமனார் எழுதிக்கொள்வது. இங்கே எல்லோரும் நலம். இதை முதல் வரியிலேயே எழுதிவிடுகிறேன், ஏனென்றால் கீழே படிக்கப் படிக்க உங்களுக்கு அந்தச் சந்தேகம் வரக்கூடும். உங்கள் அப்பா நலம், உங்கள் அம்மா நலம், உங்கள் காரும் நலம். என் தலையில் ஒரு சிறிய வீக்கம் இருக்கிறது, அதுவும் வற்றிக்கொண்டு வருகிறது. நீங்களும் என் மகளும் புது வேலை, புது வீடு என்று அங்கே அல்லாடிக்கொண்டிருக்கும் நேரத்தில் இப்படி ஒரு நீண்ட கடிதம் எழுதுவதற்கு மன்னிக்க வேண்டும். போனில் சொல்லலாம்தான். ஆனால் போனில் நான் ஒரு விஷயத்தைச் சொல்லி முடிப்பதற்குள் என் மனைவி வாங்கிப் பேச ஆரம்பித்துவிடுவாள், அப்புறம் ரிலேவைப் பற்றி யாரும் பேச மாட்டார்கள்.

உங்கள் அம்மா கோபித்துக்கொண்டு உங்கள் சித்தி வீட்டுக்குப் போனது உங்களுக்குத் தெரியும். எதற்கு என்பது உங்களுக்குத் தெரியாது, எனக்கும் தெரியாது, உங்கள் அப்பாவிடம் கேட்டால் தனக்கும் தெரியாது என்றார். சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் கை கழுவிவிட்டு வருவதற்குள் சம்பந்தியம்மா பெட்டியோடு வாசல் தாண்டிவிட்டாராம். போன வாரம் என் மனைவிக்கு ஒரு சேதி வந்தது. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் சித்தி தன் மகள் ஊருக்குக் கிளம்புகிறார், சம்பந்தியம்மாவும் கூடவே போகிறார், திரும்பி வருவதைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை என்று. என் மனைவி என்னைப் பார்த்து, "நீங்க போயி சம்பந்தியைக் கையோட கூட்டிக்கிட்டு அங்க போங்க. ஞாயித்துக்கிழமை மத்தியானத்துக்குள்ள அவர் அந்த வாசல்ல நிக்கணும். நின்னா அவங்க வருவாங்க. நிக்கலன்னா வரவே மாட்டாங்க" என்றாள். நான் வாழ்நாள் முழுக்க மருந்துக் கடையில் சீட்டைப் பார்த்து மருந்து எடுத்துக் கொடுத்தவன். எழுதியிருப்பதைச் செய்துதான் பழக்கம். ஞாயிறு காலை போய் நின்றேன்.

உங்கள் அப்பாவோடு எனக்கு இதுவரை நல்ல மரியாதை உண்டு, பேச்சுவார்த்தைதான் அவ்வளவாக இருந்ததில்லை. அவர் சரக்குக் கிடங்கில் மேலாளராக இருந்தவர். கையை நீட்டினால் ஆட்கள் நகர்ந்து பழகியவர். நான் போனபோது சவரம் செய்து, வெளுத்த சட்டை போட்டு, சாவியைக் கையில் வைத்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். "போலாமா சம்பந்தி?" என்றேன். "போலாம்" என்றார். எழுந்திருக்கவில்லை. மறுபடியும் "போலாமா?" என்றேன். எழுந்தார். நீங்கள் விட்டுச் சென்ற காரில் ஏறி உட்கார்ந்தார். சாவியைத் திருகினார். முன்பலகையில் விளக்கெல்லாம் எரிந்தது. வண்டி கிளம்பவில்லை. இருமல் கூட இல்லை மாப்பிள்ளை. சும்மா இருந்தது.

"பேட்டரி போயிருக்கும்" என்றேன். அவர் ஹாரனை அழுத்தினார். தெருவில் இருந்த அத்தனை நாய்களும் எழுந்து நின்றன. "பேட்டரி நல்லாருக்கு" என்றார். மெக்கானிக்குக்கு போன் போட்டோம். அவர் ஏதோ விசேஷத்துக்கு வெளியூர் போயிருந்தார், மறுநாள்தான் வர முடியும் என்றார். "சாவியைத் திருப்புனா கடகடன்னு சத்தம் வருதா, இல்ல ஒரே ஒரு டிக் வருதா, இல்ல ஒண்ணுமே இல்லயா?" என்று கேட்டார். ஒன்றுமே இல்லை என்றோம். "அப்ப ஸ்டார்ட்டர் ரிலேயா இருக்கலாம், சாவி திருப்பினா இன்ஜினைக் கிளப்பக் கரண்ட் விடுற சின்ன ஸ்விட்ச் அது, நான் வந்து பாக்குறேன்" என்று வைத்துவிட்டார். உங்கள் அப்பா போனைப் பைக்குள் போட்டுக்கொண்டு, "சரி, அப்ப முடியாது. நாளைக்குப் பாத்துக்கலாம்" என்றார். நாளைக்கு அங்கே யார் இருப்பார்கள் என்றேன். வாடகைக் கார் பிடிக்கலாம் என்றேன். அதில் ஏறினால் உங்கள் அம்மாவுக்குக் குமட்டும் என்றார். எதில் போனாலும் குமட்டாத ஒரு அம்மையாரைத்தான் நான் இத்தனை நாள் பார்த்திருக்கிறேன். இருந்தாலும் கட்டின கணவருக்குத் தெரியாதது எனக்கா தெரியப்போகிறது என்று விட்டுவிட்டேன். ஆகவே மீதி இருந்தது ஒரே வழிதான். அந்த ஸ்டார்ட்டர் ரிலே என்பது எது, எங்கே இருக்கிறது, எப்படி இருக்கும் என்று நாங்களே கண்டுபிடிப்பது.

காரோடு கொடுத்த கையேட்டை எடுத்துப் பார்த்தேன். அதில் வானொலியில் நிலையம் மாற்றுவது எப்படி என்று பக்கம் பக்கமாக இருக்கிறது. ரிலே என்ற சொல் ஒரே ஒரு இடத்தில் வருகிறது, அங்கேயும் தகுதி பெற்றவரை அணுகவும் என்று எழுதிவிட்டு அடுத்த விஷயத்துக்குப் போய்விடுகிறார்கள். முன்மூடியைத் திறந்தோம். அதைத் தாங்கி நிறுத்தும் கம்பியை நான் சரியாக மாட்டவில்லை போலிருக்கிறது, மூடி என் தலையில் இறங்கியது. வீக்கம் அப்போது வந்ததுதான். உங்கள் அப்பா பதறிப்போய், "போதும் சம்பந்தி, விட்டுருங்க, உள்ள வந்து உக்காருங்க" என்றார். நான் விடவில்லை. வீட்டுக்குத் திரும்பிப் போய் என் மனைவியிடம் என்ன சொல்வது? பேட்டரிக்குப் பக்கத்தில் மூடி போட்ட ஒரு கறுப்புப் பெட்டி இருந்தது. அதன் மூடியைக் கழற்றி உள்பக்கம் திருப்பினால் ஒரு படம் ஒட்டியிருக்கிறது. கட்டம் கட்டமாகப் போட்டு, ஒவ்வொரு கட்டத்துக்குள்ளும் இரண்டு மூன்று எழுத்து, அதுவும் பாதி அழிந்தது. எத்தனையோ டாக்டர்களின் கையெழுத்தைப் படித்தவன் நான், அந்தப் படத்துக்கு முன்னால் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்து நின்றேன். பெட்டிக்குள்ளே கறுப்புச் சதுரமாக, சின்னத் தீப்பெட்டியைப் பாதியாக வெட்டியது போல, வரிசையாகப் பல உட்கார்ந்திருந்தன. அத்தனையும் ரிலேக்கள். எல்லாம் ஒரே அச்சு. ஒரு பிரசவ விடுதியில் நம் குழந்தையைத் தேடுவது போல இருந்தது.

படத்தில் ஒரு கட்டத்தில் எஸ், டி என்று இருந்தது. இதுதான் ஸ்டார்ட்டர் என்றேன். "ஸ்டாப்பாவும் இருக்கலாமே" என்றார் உங்கள் அப்பா. "ஸ்டாப்புக்கு எதுக்கு சம்பந்தி ரிலே? அதான் ஏற்கெனவே நின்னுட்டு இருக்கே" என்றேன். அவர் சிரித்தார் மாப்பிள்ளை. உங்கள் கல்யாணத்துக்குப் பிறகு அவர் சிரித்து நான் பார்த்தது அன்றுதான். ஆனால் படத்தை நான் தலைகீழாகப் பிடித்திருந்தேன். ஆகவே முதலில் பிடுங்கியது முன்விளக்கின் ரிலே. முன்விளக்கைப் போட்டுப் பார்த்தபோது எரியவில்லை, அப்போதுதான் புரிந்தது. அதை மறுபடி சொருகிவிட்டு, படத்தைத் திருப்பிப் பிடித்து, பேட்டரி எந்தப் பக்கம் என்பதை வைத்துத் திசை பார்த்து, கடைசியில் ஓரத்தில் இருந்த ஒன்றின்மேல் விரலை வைத்தேன். ரிலே வேலை செய்தால் சாவி திருப்பும்போது உள்ளே ஒரு துடிப்பு விரலுக்குத் தெரியும் என்று எங்கோ கேட்டிருக்கிறேன். நாடி பார்ப்பது மாதிரிதான். "சாவியைத் திருப்புங்க சம்பந்தி" என்றேன். திருப்பினார். துடிப்பு இல்லை. "இன்னொரு தடவை." இல்லை. எனக்கு ஏனோ கண் கலங்கிவிட்டது. இவ்வளவு சின்னப் பொருள், இது செத்துப் போனதால் ஒரு குடும்பம் நின்றுபோகிறதே என்று தோன்றியது.

அதைப் பிடுங்கினேன். கீழே நான்கு தகடுக் கால், முதுகில் ஒரு எண். அதே எண்ணோடு, அதே கால்களோடு இன்னொன்று பெட்டியில் இருக்கிறதா என்று ஒவ்வொன்றாகப் பார்த்தேன். ஒன்று இருந்தது. அதைப் பிடுங்கிவிட்டு உங்கள் அப்பாவை ஒவ்வொரு பொத்தானாக அழுத்தச் சொன்னேன். விளக்கு எரிந்தது, துடைப்பான் ஆடியது, ஹாரன் மட்டும் அடிக்கவில்லை. ஆக, அது ஹாரனின் ரிலே. ஹாரனுடையதை ஸ்டார்ட்டரின் இடத்தில் வைத்து அழுத்தினேன். செத்ததைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன், கடையில் மாதிரி காட்ட. பிறகு நிமிர்ந்து, "சம்பந்தி, கண்டுபிடிச்சுட்டேன். ஹாரன் போச்சு, ஆனா வண்டி ஓடும். திருப்புங்க" என்றேன். என் முகத்திலும் சட்டையிலும் கரி. அவர் ஸ்டியரிங்கில் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு என்னையே பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார். அப்புறம் சாவியைத் திருப்பினார். வண்டி கிளம்பிவிட்டது மாப்பிள்ளை! நான் கையைத் தட்டினேன். எதிர்வீட்டு அம்மாள் எட்டிப் பார்த்தார்.

சித்தி வீட்டு வாசலில் கொண்டுபோய் நிறுத்தினார். நிறுத்தியதும் பழக்கத்தில் கை ஹாரனுக்குப் போனது. சத்தம் இல்லை. மறுபடியும் அழுத்தினார். இல்லை. "நீங்க போய்க் கூப்பிடுங்க சம்பந்தி" என்றார். "நான் போனா தண்ணி குடுத்து உக்கார வைப்பாங்க, வரமாட்டாங்க. நீங்க போங்க" என்றேன். இறங்கினார். கதவு வரை போய், தட்டக் கையைத் தூக்கி, கையில் இருந்த கரியைப் பார்த்து, கைக்குட்டையில் துடைத்து, மறுபடி தூக்கி, கடைசியில் தட்டாமலே "நான்தான்" என்றார். உள்ளேயிருந்து, "நான்தான்னா யாரு?" என்று உங்கள் அம்மாவின் குரல் வந்தது. யாரென்று தெரியாமல் கேட்ட கேள்வி இல்லை அது. உங்கள் அப்பா கைக்குட்டையை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார். கதவு திறந்தது.

நான் மரியாதைக்காக மின்சார மீட்டரைப் பார்த்துக்கொண்டிருந்தேன், ஆனால் காது என் வசத்தில் இல்லை.

"ஹாரன் சத்தமே கேக்கலையே?"

"ஹாரன் வேலை செய்யல."

"அதனாலதான் இறங்கி வந்தீங்களா?"

"ஆமா" என்றார் உங்கள் அப்பா. எனக்குத் தலையில் அடித்துக்கொள்ள வேண்டும் போலிருந்தது, வீக்கத்தை நினைத்து விட்டுவிட்டேன். அதற்குள் அவரே, "இறங்கி வந்ததுக்கு அப்புறம் உன்னை விட்டுட்டுத் திரும்பிப் போக முடியல" என்றார்.

"கட்டிக்கிட்டு வந்த நாள்லேர்ந்து எனக்கு ஹாரன்தான் பேரு" என்றார் உங்கள் அம்மா. குரல் உயரவே இல்லை. "தலை வாரினது பாதி, அடுப்புல வெச்சது பாதின்னு ஓடி வரணும். அன்னைக்கும் அப்படித்தான். டாக்டரைப் பாக்கப் போகணும்னு வாசல்ல நின்னு அடிச்சீங்க. எனக்குக் கால் வலி, எந்திரிக்க முடியல, உள்ளேயிருந்து கூப்பிட்டேன். ஹாரன் சத்தத்துல உங்களுக்குக் கேக்கல. நானே செவுத்தைப் பிடிச்சு நடந்து வந்தேன். போயிட்டு வந்து சாப்பாடு நல்லாருக்குன்னு சாப்பிட்டீங்க."

உங்கள் அப்பா குனிந்து அவர் காலைப் பார்த்தார். பிறகு, "இப்ப கால் எப்படி இருக்கு?" என்று கேட்டார். "இப்பத்தான் கேக்கத் தோணுச்சா?" என்றார் உங்கள் அம்மா, ஆனால் பதிலும் சொன்னார். கால் பரவாயில்லையாம். அப்புறம், "பெட்டி உள்ள இருக்கு, கனமா இருக்கும், பாத்துத் தூக்குங்க" என்றார். சித்திக்குத்தான் கொஞ்சம் வருத்தம், இரண்டு பேருக்கும் கட்டிய சாப்பாட்டை என்ன செய்வது என்று. பாதியை என்னிடம் கொடுத்தார்.

திரும்பி வரும்போது பெட்டி என் மடியில், சாப்பாடு பெட்டியின் மேல். ஹாரன் இல்லாமல் ஓட்டுவது லேசான காரியம் இல்லை. சந்தைத் தெருவில் ஒருவரும் நகரவில்லை. உங்கள் அப்பா பொறுமையாக ஒவ்வொருவர் பின்னாலும் ஊர்ந்தார். உங்கள் அம்மாதான் ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டி, "கொஞ்சம் வழி விடுங்கய்யா, வீட்டுக்குப் போறோம்" என்று கேட்டுக்கொண்டே வந்தார். ஜனங்கள் ஒதுங்கினார்கள்.

ஆகவே மாப்பிள்ளை, உங்களிடம் நான் வேண்டுவது ஒன்றுதான். அங்கே பெரிய கடைகள் இருக்கும். இதோடு ரிலேயின் முதுகில் இருக்கும் எண்ணைத் தனித் தாளில் எழுதி வைத்திருக்கிறேன். அதே மாதிரி ஒன்று வாங்கி அனுப்பினால் ஹாரனுக்கு உரியதை ஹாரனிடமே ஒப்படைத்துவிடுவேன். உங்கள் காரில் அனுமதி இல்லாமல் கை வைத்ததற்குப் பொறுத்துக்கொள்ள வேண்டும். நீங்களும் என் மகளும் எந்தக் குறையும் இல்லாமல், ஒருவர் கூப்பிடுவது ஒருவருக்குக் கேட்கும்படி நெடுநாள் வாழ வேண்டும் என்று ஆசீர்வதிக்கும்,

உங்கள் மாமனார்.

பின்குறிப்பு: கடிதத்தை உறையில் போடுவதற்குள் மெக்கானிக் உங்கள் வீட்டுக்கு வந்துவிட்டார், நானும் ஓடினேன். ரிலே வாங்க வேண்டாம். என் சட்டைப் பையில் இருந்ததை வாங்கி மாட்டிப் பார்த்தார், ஹாரன் அலறியது. "இதுக்கு என்ன, நல்லாத்தானே இருக்கு" என்றார். ஸ்டார்ட்டர் ரிலேயை நான் சரியாகத்தான் கண்டுபிடித்திருக்கிறேன், அதில் அவருக்கும் மாற்றுக் கருத்து இல்லை. அது கெட்டுப்போகவில்லை என்பது மட்டும்தான் குறை. "கிளட்சை அடிவரைக்கும் மிதிச்சீங்களா? இந்த வண்டியில அதை மிதிக்காம சாவியைத் திருப்பினா ஒண்ணுமே நடக்காது" என்றார். நான் உங்கள் அப்பாவைப் பார்த்தேன். அவர் மெக்கானிக்கிடம் தண்ணீர் வேண்டுமா என்று கேட்டார்.

மெக்கானிக் போன பிறகு மெதுவாகச் சொன்னார். "எனக்குத் தெரியாதா சம்பந்தி, தினமும் ஓட்டுற வண்டி. பயமா இருந்துச்சு. நேர்ல போய் நின்னு, அவ வரமாட்டேன்னு சொல்லிட்டா? வண்டி கிளம்பலன்னா யார் மேலயும் தப்பில்ல பாருங்க. நீங்களும் கொஞ்ச நேரம் பாத்துட்டுப் போயிருவீங்கன்னு நெனச்சேன். நீங்க மண்டையில அடிபட்டு, கரியும் அழுக்குமா எந்திரிச்சு, கண்டுபிடிச்சுட்டேன்னு சிரிச்சீங்க. அதுக்கு மேல மிதிக்காம இருக்க முடியல."

உள்ளேயிருந்து உங்கள் அம்மா, "வண்டிக்கு என்னவாம்?" என்று கேட்டார். "ரிலே போயிருச்சாம்மா" என்று நான்தான் சொன்னேன். ஆகவே மேலே எழுதியிருப்பது அத்தனையையும் நீங்கள் உங்கள் அம்மாவுக்குப் போனில் படித்துக் காட்டலாம். இந்தப் பின்குறிப்பை மட்டும் கிழித்துப் போட்டுவிடுங்கள். என் மகள் கண்ணிலும் பட வேண்டாம், அவள் படித்தால் அரை மணியில் என் மனைவிக்குப் போய்விடும், அப்புறம் கிழித்தும் பிரயோஜனமில்லை.